33 வயசுல மேடை, 71-ல ஆஸ்கர்: மார்கரெட் ரதர்ஃபோர்ட் கேஸ்

மார்கரெட் ரதர்ஃபோர்ட்னு பேரைச் சொன்னா நிறைய பேருக்கு முகம் ஞாபகம் வராது. ஆனா அகதா கிறிஸ்டியோட துப்பறியும் பாட்டி மிஸ் மார்ப்பிளை வெச்சு எடுத்த பழைய கறுப்பு வெள்ளைப் படத்துல ஏதாவது ஒண்ணை எப்பவாச்சும் பார்த்திருந்தா, தொளதொளன்னு தாடை, தோள்ல ஒரு கேப், உதட்டைக் குவிச்சுக்கிட்டு யோசிக்கிற ஒரு குண்டுப் பாட்டி இருப்பாங்கள்ல, அவங்கதான். பிரிட்டிஷ் குணச்சித்திர நடிகைகள்ல என்னைக் கேட்டா முதல் வரிசை ஆள்.

கேஸ் இதுதான். ஹீரோயின் முகம் கிடையாது, 33 வயசு வரைக்கும் தொழில்முறை மேடையில கால் வெச்சதே இல்ல, குடும்பத்துல ஒரு கொலை ஒரு தற்கொலை, ரெண்டையும் வெளில மூச்சு விட முடியாது. இப்படிப்பட்ட ஒருத்தங்க 69 வயசுல ஒரு பட வரிசைக்கே நாயகி ஆகுறாங்க, 71 வயசுல ஆஸ்கர் வாங்குறாங்க. எப்படி? வழக்கமா வர்ற பதில் விடாமுயற்சி, தன்னம்பிக்கை, அந்த மாதிரி. எனக்கு அது பத்தல. என் கட்சி என்னன்னா, கோமாளித்தனமான மனுஷங்களை நடிக்கும்போது அவங்களைக் கிண்டல் பண்ண இந்தம்மா கடைசி வரைக்கும் மறுத்துட்டாங்க, நடிப்போட பலமே அங்கதான் இருக்கு. அந்த மறுப்பு எங்கேர்ந்து வந்திருக்கும்னு தேடிப் போனா குடும்பக் கதைல போய் நிக்குது.

குடும்பம்

அப்பா பேர் வில்லியம் ரதர்ஃபோர்ட் பென். 1882 டிசம்பர்ல ஃப்ளாரன்ஸ் நிக்கல்சன்ங்கிற பொண்ணைக் கல்யாணம் பண்றார், கொஞ்ச நாள்லயே மனநிலை பிசகிப் போய் மனநல விடுதில சேர்க்குறாங்க. வெளில வந்ததும் அவரோட அப்பா, ஜூலியஸ் பென்னுனு ஒரு பாதிரியார், பையனுக்கு ஓய்வு கிடைக்கட்டும்னு டெர்பிஷயர்ல இருக்குற மேட்லாக் பாத்ங்கிற ஊருக்குக் கூட்டிட்டுப் போறார். 1883 மார்ச்ல, அங்க தங்கியிருந்த ரூம்லயே, ராத்திரி கட்டிலுக்கு அடியில வெச்சுக்குற மூத்திரப் பானையால பெத்த அப்பாவை அடிச்சுக் கொன்னுட்டார் வில்லியம். சித்த சுவாதீனம் இல்லைன்னு முடிவாகி பிராட்மூர் மனநலக் காப்பகத்துக்கு அனுப்பிட்டாங்க. ஏழு வருஷம் உள்ள இருந்தார்.

1890-ல வெளில விட்டப்போ பொண்டாட்டி காத்துக்கிட்டு இருந்தாங்க. பென்ங்கிற பேரைக் கழட்டிட்டு நடுப்பேரான ரதர்ஃபோர்டையே குடும்பப் பேரா வெச்சுக்கிட்டாங்க. 1892 மே 11, தெற்கு லண்டன் பால்ஹம்ல மார்கரெட் பொறந்தாங்க. ஒரே குழந்தை.

அடுத்து அவங்க போன ஊர் நம்ம மெட்ராஸ். இங்கிலாந்துல இருந்தா எந்தப் பக்கம் திரும்பினாலும் பழைய கதை தெரிஞ்சவங்க இருப்பாங்க, கடல் தாண்டிப் போயிட்டா புதுசா ஆரம்பிக்கலாம்னு கைக்குழந்தையோட கப்பல் ஏறினாங்க. அந்தக் காலத்துல இங்க வந்து சேர்ந்த வெள்ளைக்காரங்கள்ல இந்த மாதிரி எதையோ மறைக்க வந்த ஆளுங்களும் கலந்துதான் இருந்திருப்பாங்கன்னு தோணுது, கலெக்டர் கவர்னர் கதை மட்டும்தான் நமக்குத் தெரியுது. மார்கரெட்டுக்கு மூணு வயசு இருக்கும்போது ஃப்ளாரன்ஸ் மறுபடி மாசமா இருந்தாங்க. அந்த நிலைமையில ஒரு மரத்துல தூக்கு மாட்டிக்கிட்டாங்க.

குழந்தையைத் திருப்பி லண்டனுக்கு அனுப்பிட்டாங்க, விம்பிள்டன்ல இருந்த பெரியம்மா முறை பெஸ்ஸி நிக்கல்சன் வீட்டுக்கு. பெஸ்ஸி பாசமாத்தான் வளர்த்தாங்க. அப்பாவைப் பத்திக் கேட்டப்போ, அம்மா போன துக்கத்துலயே அவரும் போயிட்டார்னு சொல்லிட்டாங்க. நல்லெண்ணத்துல சொன்ன பொய்தான். ஆனா 12 வயசு வாக்குல உண்மை தெரிஞ்சு போச்சு: அப்பா சாகல, மறுபடி பிராட்மூர்ல இருக்கார். அங்கேயே இருந்து 1921 ஆகஸ்ட்லதான் இறந்தார், அப்ப மார்கரெட்டுக்கு 29 வயசு.

இந்தம்மா இதை வாழ்நாள் முழுக்க வெளில பேசினதில்ல. உள்ளுக்குள்ள ஒரே பயம்: அப்பாவுக்கு வந்தது, அம்மாவுக்கு வந்தது, நமக்கும் வந்துடுமோ. சும்மா பயமா மட்டும் நிக்கல, கடுமையான மன அழுத்தம் விட்டு விட்டு வந்துக்கிட்டே இருந்துச்சு, ஆஸ்பத்திரில சேர்ந்து சிகிச்சை எடுத்திருக்காங்க, அப்புறம் எதுவுமே நடக்காத மாதிரி அடுத்த ஷூட்டிங்ல வந்து நின்னிருக்காங்க.

ஒரு துணைத் தகவல். கொலையான ஜூலியஸ் பென்னோட மூத்த பையன் ஜான் பென், லண்டன் அரசியல்ல பெரிய ஆள். அவரோட பேரன்தான் லேபர் கட்சியோட டோனி பென். ஒரே குடும்பத்துல ஒரு கிளை பேரை மாத்திக்கிட்டு ஒதுங்கிடுச்சு, இன்னொரு கிளை அதே பேரோட பார்லிமென்ட் வரைக்கும் போச்சு.

33 வயசு வரைக்கும் என்ன பண்ணிட்டு இருந்தாங்க

விம்பிள்டன் ஹை ஸ்கூல், அப்புறம் சீஃபோர்ட்ல ஒரு போர்டிங் ஸ்கூல். பியானோல முறையா தேர்ச்சி வாங்கி, பியானோவும் பேச்சுப் பயிற்சியும் சொல்லிக் கொடுக்குற டீச்சரா வேலை பார்த்தாங்க. நடிக்கணும்ங்கிற ஆசை சின்ன வயசுலயே இருந்துச்சு, அமெச்சூர் நாடகங்கள்ல நடிச்சுக்கிட்டும் இருந்தாங்க. தொழிலா எடுத்துக்கத்தான் வழி இல்ல.

பெஸ்ஸி பெரியம்மா இறந்து, அவங்க விட்டுட்டுப் போன சொத்துல கொஞ்சம் காசு கைக்கு வந்துச்சு. அதை வெச்சுக்கிட்டுதான் 1925-ல ஓல்ட் விக் தியேட்டர்ல பயிற்சி மாணவியா சேர்ந்தாங்க, 33 வயசுல. இதைக் கொஞ்சம் அழுத்திச் சொல்றேன், ஏன்னா "லேட்டா ஆரம்பிச்சாலும் ஜெயிக்கலாம்"னு இவங்க பேரைப் போட்டு நிறைய பேர் எழுதுறாங்க, அதுல இந்தப் பகுதியை மட்டும் நைசா விட்டுடுறாங்க. லேட் ஆனதுக்குக் காரணம் தயக்கம் மட்டும் இல்லங்க, காசு இல்ல. ஆரம்பிக்க முடிஞ்சதுக்குக் காரணமும் காசுதான். பியானோ டியூஷன் வருமானத்துல லண்டன்ல நடிகையா முட்டி மோதிப் பார்க்க முடியாது.

ஓல்ட் விக்ல ஒண்ணும் பெருசா நடக்கல. திரும்பப் போய் டியூஷன் எடுத்தாங்க. வெளியூர் ரெபர்ட்டரி கம்பெனிகள்ல வாரத்துக்கு ஒரு நாடகம்ங்கிற மாதிரி கஷ்டப்பட்டாங்க. 1930-ல ஆக்ஸ்ஃபோர்ட் ப்ளேஹவுஸ்ல நடிக்கும்போது ஸ்ட்ரிங்கர் டேவிஸ்ங்கிற நடிகரைப் பார்த்தாங்க, பிடிச்சுப் போச்சு. அவரோட அம்மாவுக்கு மட்டும் பிடிக்கல. அந்தம்மா இருந்த வரைக்கும் கல்யாணப் பேச்சே எடுக்க முடியல, இவங்களும் பிரியல, வேற யாரையும் பார்க்கல. 1945-ல கல்யாணம் முடிஞ்சப்போ மார்கரெட்டுக்கு 52 வயசு.

டைப் விழுந்த கதை

லண்டனோட பெரிய தியேட்டர் வட்டாரமான வெஸ்ட் எண்ட்ல முதல் வாய்ப்பு 1933. படத்துல முதல் தடவை 1936. ஆனா ஆளைத் திரும்பிப் பார்க்க வெச்சது 1938-ல ஜான் கீல்குட் டைரக்ட் பண்ணின ஸ்ப்ரிங் மீட்டிங் நாடகம், அதுல குதிரைப் பந்தயப் பைத்தியம் பிடிச்ச, கல்யாணம் ஆகாத வயசான பொம்பளை வேஷம். அடுத்த வருஷம் அதே கீல்குட் போட்ட தி இம்பார்ட்டன்ஸ் ஆஃப் பீயிங் எர்னஸ்ட்ல மிஸ் பிரிஸம்.

இப்ப ஒரு இடத்துல நிறுத்துறேன், கேஸோட முக்கியமான சாட்சி இதுதான். 1940-ல ரெபெக்கா நாவலை நாடகமாப் போடுறாங்க, லண்டன் குயின்ஸ் தியேட்டர்ல. மார்கரெட்டுக்கு மிஸஸ் டேன்வர்ஸ் வேஷம். அதுல காமெடின்னு ஒரு துளி கிடையாது. செத்துப் போன எஜமானிய இன்னும் கும்பிட்டுக்கிட்டு, புதுப் பொண்டாட்டிய உயிரோட வதைக்கிற வீட்டு நிர்வாகி. அந்த வேஷத்தை இவங்களை நம்பிக் கொடுத்தாங்கன்னா, 1940 வரைக்கும் இவங்க மேல "காமெடி பாட்டி"ங்கிற முத்திரை இறுகல, பயமுறுத்துற நடிகையாவும் போகலாம்ங்கிற வழி திறந்துதான் இருந்துச்சுன்னு அர்த்தம். செப்டம்பர்ல ஜெர்மன்காரன் போட்ட குண்டு அந்தத் தியேட்டர் மேலயே விழுந்துச்சு. நாடகம் அதோட நின்னுடுச்சு.

அடுத்த வருஷம் நாடகாசிரியர் நோயல் கவர்ட் ஒரு வாரத்துக்குள்ள எழுதி முடிச்ச ப்ளைத் ஸ்பிரிட் நாடகம். மார்கரெட்டுக்கு ஆவிகளைக் கூப்பிட்டுப் பேசுற மேடம் ஆர்காட்டி வேஷம். 1941 ஜூலைல பிக்காடில்லி தியேட்டர்ல தொடங்கி, போர் நடந்துக்கிட்டு இருக்கும்போதே ஓடு ஓடுன்னு ஓடி 1,997 காட்சி போச்சு. மார்கரெட் அத்தனைலயும் நடிக்கல, ஆனா வேஷத்தை ஸ்தாபிச்சது அவங்கதான். 1945-ல டேவிட் லீன் அதைப் படமா எடுத்தப்போ ரெக்ஸ் ஹாரிசன் கூட அவங்களே வந்தாங்க, அதுக்கப்புறம் யாரும் இவங்களை மிஸஸ் டேன்வர்ஸா யோசிக்கவே இல்ல. முத்திரை விழுந்தாச்சு.

குண்டு வேற தெருவுல விழுந்திருந்தா என்ன ஆகியிருக்கும்னு நான் அப்பப்ப யோசிச்சதுண்டு.

சிரிக்க வைக்க முயற்சி பண்ணாம சிரிக்க வைக்கிறது

ஆர்காட்டி வேஷத்துக்குக் கவர்ட் இவங்களை மனசுல வெச்சுத்தான் எழுதினார். இவங்க உடனே ஓகே சொல்லல. காரணம் கேட்டா ஆச்சரியமா இருக்கும்: ஆவி பேசுறதை உண்மையா நம்புற நல்ல மனுஷங்க இருக்காங்க, அவங்களைக் கேலி பண்ற மாதிரி ஆயிடக் கூடாதேங்கிற கவலை. மேடையேறின பிறகும் அந்தக் கவலையை விடல. படத்தைப் போட்டுப் பாருங்க, சைக்கிள்ல வந்து இறங்கி, சாப்பாட்டை வளைச்சுக் கட்டிட்டு, ஒரு விளையாட்டு டீச்சர் கிளாஸ் எடுக்கப் போற சுறுசுறுப்போட ஆவியைக் கூப்பிட உக்காருவாங்க. மத்தவங்க எல்லாம் இவங்களைப் போலின்னு நினைச்சு நமுட்டுச் சிரிப்பு சிரிச்சுட்டு இருக்க, இவங்க முகத்துல ஒரு தொழில்காரியோட அக்கறை மட்டும்தான் தெரியும். நமக்குச் சிரிப்பு வர்றது அந்த அக்கறையாலதான். கண்ணடிச்சிருந்தா, "பார்த்தீங்களா நான் எப்படி லூசு மாதிரி பண்றேன்"னு ஒரு சின்ன ஜாடை காட்டியிருந்தா, காட்சி அங்கேயே செத்திருக்கும்.

இன்னும் பக்கத்துல போய்ப் பார்க்கணும்னா 1952 எர்னஸ்ட் படத்தோட கடைசிக் காட்சி. அந்தோணி ஆஸ்க்வித் டைரக்‌ஷன், லேடி பிராக்னலா இடித் எவன்ஸ். மிஸ் பிரிஸம் பல வருஷத்துக்கு முன்னாடி ஒரு கைக்குழந்தையையும் தான் எழுதின நாவல் கட்டையும் குழப்பிக்கிட்டு, நாவலைத் தள்ளுவண்டில வெச்சுட்டு, குழந்தையைக் கைப்பைல போட்டு ரயில்வே ஸ்டேஷன்ல விட்டுட்டு வந்துட்டாங்க. இப்ப அந்தக் குழந்தை வளர்ந்து ஆளாகி அதே பையைக் கொண்டு வந்து நீட்டுறான், இது உங்க பையா பாருங்க, என் வாழ்க்கையே உங்க பதில்லதான் இருக்குங்கிறான். ஒரு மனுஷனோட பிறப்பு ரகசியம் அது. பிரிஸம் என்ன பண்றாங்க? பையைத் திருப்பித் திருப்பிப் பார்க்குறாங்க. இந்தக் கீறல் கோவர் தெரு பஸ் கவிழ்ந்தப்போ ஆனது, உள்துணியில இந்தக் கறை லெமிங்டன்ல குளிர்பானம் வெடிச்சு ஆனது, பூட்டுல என் இனிஷியல், ஆமா என்னோடதுதான், இத்தனை வருஷமா இது இல்லாம ரொம்பச் சிரமப்பட்டேன்னு சொல்றாங்க. வசனம் ஆஸ்கர் வைல்டோடது, யார் சொன்னாலும் சிரிப்பு வரும். மார்கரெட் சொல்லும்போது கூடவே ஒண்ணு நடக்குது, காணாமப் போன பை திரும்பக் கிடைச்ச சந்தோஷம் அந்த முகத்துல நிஜமாவே மலருது. குழந்தை மேட்டரு அவங்களுக்கு எட்டவே இல்ல. நம்ம சிரிச்சுக்கிட்டே இருக்கும்போது அந்தப் பொம்பளை மேல ஒரு பரிவும் வந்துடுது, பாவம், இவங்க வாழ்க்கைல திரும்பி வந்த பொருள் இது ஒண்ணுதான்.

விமர்சகர் கென்னத் டைனன் இவங்களைப் பத்தி எழுதும்போது, இந்தம்மா வெறும் தாடைய வெச்சே நடிச்சுடுவாங்கன்னார். பாராட்டுதான், ஆனா பாதிதான் சரி. தாடை ஆடுறதைப் பார்த்துட்டு கண்ணைக் கவனிக்காம விட்டா மீதி போயிடும்.

இதே காலத்துல வந்த மத்த படங்களை வேகமா சொல்லிடுறேன். 1949 பாஸ்போர்ட் டு பிம்லிகோ, லண்டன்ல ஒரு பேட்டையே பழைய பத்திரப்படி பர்கண்டி நாட்டுக்குச் சொந்தம்னு அடிச்சுச் சொல்ற சரித்திரப் பேராசிரியை. 1950 தி ஹேப்பியஸ்ட் டேஸ் ஆஃப் யுவர் லைஃப், அரசாங்க ஆபீஸ்ல நடந்த குளறுபடியால ஒரு பொண்ணுங்க ஸ்கூலையும் ஒரு பையனுங்க ஸ்கூலையும் ஒரே கட்டடத்துல கொண்டு வந்து தள்ளிடுறாங்க, அலஸ்டர் சிம் ஒரு பக்கம் ஹெட்மாஸ்டர், இவங்க இன்னொரு பக்கம் ஹெட்மிஸ்ட்ரஸ். ரெண்டு பேரும் சேர்ந்து பெத்தவங்க கண்ணுல மண்ணைத் தூவ ஓடுற ஓட்டம் இருக்கே, அதுக்காகவே பார்க்கலாம்.

மார்ப்பிள்

1961-ல எம்ஜிஎம் கம்பெனி மர்டர் ஷி செட் எடுத்துச்சு. அகதா கிறிஸ்டி எழுதின மார்ப்பிள் ஒல்லி, அமைதி, பின்னல் ஊசியோட மூலைல உக்காந்து எல்லாரையும் கவனிக்கிற கிராமத்து அம்மா. மார்கரெட் இதுக்கு நேர் எதிர். இவங்களும் முதல்ல வேண்டாம்னுதான் சொன்னாங்க, கொலை சம்பந்தப்பட்ட கதைல நடிக்க மனசு வரல. குடும்பக் கதை தெரிஞ்ச பிறகு அந்தத் தயக்கத்தைப் படிக்கும்போது வேற மாதிரி இருக்கு. டைரக்டர் ஜார்ஜ் பொல்லாக் பேசிப் பேசி சம்மதிக்க வெச்சார்.

நாவல்ல பக்கத்து ரயில்ல நடக்குற கொலையைப் பார்க்குறது மார்ப்பிளோட தோழி, துப்பறியப் பணிப்பெண்ணா உள்ள போறது இன்னொரு இளம்பொண்ணு. படத்துல மூணையும் ஒண்ணாக்கி மார்ப்பிள் தலைல கட்டிட்டாங்க. கொலையைப் பார்க்குறதும் இவங்கதான், தண்டவாளத்துல இறங்கித் தேடுறதும் இவங்கதான், ஆக்கன்தார்ப் வீட்டுல வேலைக்காரியா சேர்ந்து அடுப்படில நிக்கிறதும் இவங்கதான். 69 வயசுல படம் முழுக்கத் தோள்ல தாங்குற வேஷம், அதுவரைக்கும் பெரும்பாலும் ரெண்டு மூணு காட்சில வந்து அள்ளிட்டுப் போற ஆளா இருந்தவங்களுக்கு.

அடுத்து மர்டர் அட் தி கேலப், மர்டர் மோஸ்ட் ஃபவுல், மர்டர் அஹாய். இதுல முதல் ரெண்டும் உண்மைல கிறிஸ்டியோட இன்னொரு துப்பறிவாளர் பாய்ரோ வர்ற கதைங்க, கடைசி எந்தப் புத்தகத்துலயும் இல்லாத சொந்தச் சரக்கு. படத்துக்குப் படம் கதை இளைச்சுக்கிட்டே போச்சுன்னு ஒத்துக்கணும். கேலப்ல ட்விஸ்ட் டான்ஸ், அஹாய்ல கத்திச் சண்டை. ஸ்ட்ரிங்கர் டேவிஸுக்கும் ஒரு வேஷம் வேணும்னு இவங்க கேட்டதால நாவல்ல இல்லாத மிஸ்டர் ஸ்ட்ரிங்கர்னு ஒரு பாத்திரத்தையே உருவாக்கினாங்க. மார்ப்பிள் பின்னாடியே கவலையோட போற, சொன்னதைச் செய்யுற அந்த சாது மனுஷன், நிஜ வாழ்க்கைலயும் அவர் பார்த்த வேலை கிட்டத்தட்ட அதேதான்.

கிறிஸ்டிக்கு இந்தப் படங்கள் சுத்தமா பிடிக்கல. ஆனா 1962-ல வந்த மார்ப்பிள் நாவல் ஒண்ணை மார்கரெட்டுக்குத்தான் காணிக்கை பண்ணினாங்க. படம் வேற, மனுஷி வேறன்னு பிரிச்சுப் பார்க்கத் தெரிஞ்சிருக்கு.

ஆஸ்கரும் அதுக்கப்புறமும்

1963 தி விஐபிஸ். எலிசபெத் டெய்லரும் ரிச்சர்ட் பர்ட்டனும்தான் போஸ்டர்ல. பனிமூட்டத்தால லண்டன் ஏர்போர்ட்ல மாட்டிக்கிட்ட பணக்காரங்க கதை. மார்கரெட், அரண்மனை மாதிரி வீட்டைக் காப்பாத்தக் காசு இல்லாம வேலை தேடி ஃப்ளோரிடா கிளம்புற, பிளேன்ல ஏறிப் பழக்கமில்லாத, பயத்துக்கு மாத்திரை மேல மாத்திரை முழுங்குற பிரைட்டன் சீமாட்டி. மேலோட்டமா காமெடி டிராக். ஆனா அந்த வீட்டைப் பத்திப் பேசுற இடத்துல இவங்க குரலைக் கவனிங்க, டெய்லர் பர்ட்டன் சண்டையெல்லாம் மறந்து போகும். சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கர் 1964 ஏப்ரல்ல கொடுத்தாங்க, இவங்க நேர்ல போகல, பீட்டர் உஸ்தினோவ் வாங்கிக்கிட்டார்.

அதை விட எனக்குப் பெருசா தெரியறது ஆர்சன் வெல்ஸோட சைம்ஸ் அட் மிட்நைட், 1965. ஷேக்ஸ்பியரோட குண்டுக் குடிகாரப் பாத்திரம் ஃபால்ஸ்டாஃப் செத்ததை விடுதிக்கார அம்மா மிஸ்ட்ரஸ் குவிக்லி சொல்ற ஷேக்ஸ்பியர் வசனம். போர்வையைப் பிசைஞ்சான், பூவோட விளையாடினான், விரல் நுனியப் பார்த்துச் சிரிச்சான், காலைத் தொட்டுப் பார்த்தேன், கல்லு மாதிரி சில்லுன்னு இருந்துச்சு. ஷேக்ஸ்பியர் அதுக்குள்ள கொஞ்சம் ஆபாசச் சிரிப்பையும் வெச்சிருக்கார். இவங்க ரெண்டையும் பிரிக்காம, அழுகைன்னு தனியா எடுத்துக் காட்டாம, பக்கத்து வீட்டு விஷயம் சொல்ற மாதிரி சொல்லிட்டுப் போறாங்க. மிஸஸ் டேன்வர்ஸ் பண்ணின நடிகை எங்கேயும் போகலன்னு அப்பத்தான் புரியுது.

1966-ல தி ரைவல்ஸ் நாடகத்துல மிஸஸ் மாலப்ராப், உடம்பு ஒத்துழைக்காம நடுவுல விலகிட்டாங்க. 1967-ல டேம் பட்டம், சர் பட்டம் மாதிரி பெண்களுக்குக் கொடுக்குற பிரிட்டிஷ் கௌரவம். அதே வருஷம் சாப்ளினோட எ கவுன்டஸ் ஃப்ரம் ஹாங்காங்ல ஒரு சின்ன வேஷம். அப்புறம் ஞாபகமறதி நோய் வந்து ஆளையே கரைச்சுடுச்சு. ஸ்ட்ரிங்கர் டேவிஸ் கூடவே இருந்து பார்த்துக்கிட்டார். 1972 மே 22 பக்கிங்ஹாம்ஷயர்ல இறந்தாங்க. அடுத்த வருஷமே அவரும் போயிட்டார்.

என் கட்சிக்கு ஒரு எதிர்வாதம் இருக்கு, அதையும் சொல்லிடுறேன். குடும்பத்துல பைத்தியம், அதனால விசித்திரமான ஆளுங்க மேல பரிவு, அதனால நல்ல நடிப்புன்னு கோடு போடுறது ரொம்ப சுலபம், துக்கம் பார்த்தவங்க எல்லாரும் நடிகை ஆயிடல. உண்மை. பல வருஷம் பேச்சுப் பயிற்சி சொல்லிக் கொடுத்ததுல வந்த உச்சரிப்பு, பியானோக்காரியோட தாளம், ரெபர்ட்டரில பட்ட அடி, இதெல்லாம் இல்லாம வெறும் பரிவை வெச்சு வசனம் பேச முடியாது. ஆனா ஆர்காட்டி வேஷத்துக்கு இவங்க கேட்ட கேள்வி டெக்னிக் கேள்வி இல்லையே. ஊரே லூசுன்னு சொல்ற ஒருத்தியைப் பார்த்து நானும் சேர்ந்து சிரிக்கணுமாங்கிற கேள்வி அது, அதைக் கேட்குற அளவுக்கு எல்லா நடிகைக்கும் காரணம் இருந்திருக்காது.

புதுசா பார்க்கப் போறவங்க எர்னஸ்ட்ல ஆரம்பிங்க, அடுத்து ப்ளைத் ஸ்பிரிட், அடுத்து சைம்ஸ். மார்ப்பிள்ல மர்டர் ஷி செட் ஒண்ணு கட்டாயம், அதுல மிஸஸ் கிட்டரா வர்றது ஜோன் ஹிக்சன், 1984-லேர்ந்து பிபிசில மார்ப்பிளா வந்தவங்க, ரெண்டு மார்ப்பிளும் ஒரே அடுப்படில நிக்கிற காட்சி இருக்கு. மர்டர் அஹாயை விட்டுட்டாலும் ஒண்ணும் குடி முழுகிடாது.